குழிந்த கண்ணாடியும் எதிர்க்கடை மச்சானும்

மச்சான் கடையில் கத்தி பிடித்துப் பிடித்துக் கை மரத்துப்போன பிறகுதான், சொந்தமாக ஒரு சலூன் போடுவது என்று நம்மாள் முடிவு செய்தார். மச்சான் என்றால் மனைவியின் அண்ணன். அவர் கடைக்கு நேர் எதிரிலேயே இடம் பிடித்தாயிற்று.

"போங்க மாப்பிள்ளை. உங்க இடம் காலியாத்தான் இருக்கும். ஆனா திரும்பி வந்தா முடி கூட்டுறதுலேருந்து ஆரம்பிக்கணும்" என்று சிரிக்காமல் சொல்லி அனுப்பினார் மச்சான். நம்மாளுக்குச் சுருக்கென்றது. பட்டினி கிடந்தாலும் அந்தப் படி ஏறுவதில்லை என்று வைராக்கியம் பிடித்துக்கொண்டார்.

இருந்த பணம் நாற்காலிக்கும் வாடகைக்கும் போய்விட்டது. கண்ணாடிக்குப் பழைய சாமான் கடை. அங்கே கப்பல் விளக்கிலிருந்து கழற்றிய வட்டக் கண்ணாடி ஒன்று, அண்டா மூடி அகலத்துக்கு, நடுவில் குழிந்து கிடந்தது. தட்டுமுட்டுச் சாமான்களுக்கு நடுவே இடுக்கில் தலையை நுழைத்துப் பார்த்தார். முகம் பூசணிக்காயாகப் பெருத்து, மயிர்க்கால் ஒவ்வொன்றும் தெரிந்தது. இப்படி ஒன்று எந்தச் சலூனிலும் கிடையாது. தன் கண்ணுக்குத்தான் இதெல்லாம் படும் என்று மார்தட்டிக்கொண்டே தூக்கி வந்து சுவரில் மாட்டினார். அவர் கண் அப்படிப்பட்டதுதான், அதில் சந்தேகமில்லை.

கடை திறந்ததும் வந்தவர் பஸ் டிரைவர். உட்கார்ந்து நிமிர்ந்தால், எதிரே அவரே சுருங்கிப்போய்த் தலைகீழாகத் தொங்கினார். அதுவும் கண்ணாடிக்குள் இல்லை. அதற்கு முன்னால், அந்தரத்தில்.

"அண்ணே, நான் நேராத்தான உக்காந்திருக்கேன்?"

"நேராத்தான். கண்ணாடி புதுசு, பழகிடும்."

டிரைவருக்குப் பழகவில்லை. ஒரு கன்னத்தில் நுரையோடு எதிர்க்கடைக்குப் போய் மீதியை முடித்துக்கொண்டார். சாயங்காலத்துக்குள் தெருவே 'தலைகீழ் சலூன்' என்று பேர் வைத்துவிட்டது. வேறு கண்ணாடி கடனுக்காவது வாங்குங்கள் என்று மனைவி சொல்லிப் பார்த்தாள். நம்மாள் அசையவில்லை. வராத வாடிக்கைக்குக் கடையைத் திறந்து வைத்துக்கொண்டு, கதவை ஒருக்களித்து, கண்ணாடியைச் சோதிக்க மெழுகுவத்தி ஏற்றினார்.

வத்தியைத் தள்ளிப் பிடித்தால், கண்ணாடிக்கு முன்னே காட்டிய வெள்ளைக் காகிதத்தில் சுடர் தலைகீழாக வந்து விழுந்தது. கிட்டே கொண்டு போகப் போகக் காகிதத்துச் சுடர் பெருத்து, கண்ணாடியை விட்டு விலகி விலகி ஓடியது. முழங்கை நீளத்துக்குள் வந்ததும் காகிதத்தில் ஒன்றுமே இல்லை. கண்ணாடிக்குள் பெரிய சுடர், நேராக. நம்மாளுக்கு விளங்கிவிட்டது. நெற்றியிலிருந்து போகும் வெளிச்சம் குழியில் பட்டுக் கீழே இறங்குகிறது, தாடையிலிருந்து போவது மேலே ஏறுகிறது, போகிற வழியில் ஒன்றையொன்று தாண்டிவிடுகின்றன. கிட்டே இருந்தால் தாண்டுகிற பேச்சே கிடையாது. கோளாறு கண்ணாடியில் இல்லை, நாற்காலி போட்ட இடத்தில்.

கண்ணாடியைச் சுவரிலிருந்து கழற்றி, மடங்கும் இரும்புக் கை ஒன்றில் பொருத்தி, உட்கார்ந்தவர் மூக்குக்கு ஒரு சாண் முன்னால் இழுத்துவிட்டார். தங்கள் முகத்தை அவ்வளவு கிட்டத்தில் பார்க்கச் சகிக்காமல் எழுந்து போனவர்களும் உண்டு. ஆனால் சுத்தமான சவரம் எது என்று பார்த்துத் தெரிந்துகொண்டவர்கள் மறுபடியும் வந்தார்கள். எதிர்க்கடையில் பெஞ்சு மெல்லக் காலியானது.

ஒரு நாள் மத்தியானம் மச்சானே வந்து, கேலி செய்கிற முகத்தோடு நாற்காலியில் சாய்ந்தார். நம்மாள் கண்ணாடியை இழுத்துவிட்டார். மச்சான் தாடையைத் தூக்கினார், திருப்பினார், அப்படியே நிறுத்திவிட்டார். காதுக்குக் கீழே ஒரு கொத்து முடி, தோட்டக்காரன் மறந்த புல் மாதிரி.

"இது எத்தனை நாளா இருக்கு?"

"எனக்கெப்படித் தெரியும் மச்சான்? உங்க சவரம் நீங்களே பண்ணிக்கிறதுதான."

மச்சான் அந்தக் கொத்தை விரலால் தொட்டுப் பார்த்தார்.

"எடுத்துடுங்க" என்றார். நுரை தடவும்போது கண்ணை மூடிக்கொண்டு, "கடையில உங்க இடத்துக்கு வேற ஆள் போட்டுக்கறேன் மாப்பிள்ளை" என்றார்.

"நல்ல ஆளாப் பாருங்க" என்று சொல்லிவிட்டு நம்மாள் கத்தியைத் தீட்டினார்.