முடிக்காத ப்ரூஃபும் ரோஸ்லின் மேடமும்

ரோஸ்லின் மேடம் தவறிவிட்டார். காலையில் அவர் மகன் போன் செய்து சொன்னார்.

அழுகை வரவில்லை. எரிச்சல்தான் வருகிறது... இரண்டாவது புத்தகத்தின் ப்ரூஃப் இன்னும் அவர் வீட்டில்தான் கிடக்கிறது.

தெரியாதவர்களுக்கு... மேடம் டெலிபோன் ஆபரேட்டராக இருந்து ரிடையர் ஆனவர். தியாகதுருகத்தில் வீடு. மேற்கு ஆப்பிரிக்காவில் பிறந்த ஒரு பெண் பத்திரிகையாளர், தன் நாட்டின் ராணுவ ஆட்சிகளையும் உள்நாட்டுப் போரையும் பற்றி இரண்டு புத்தகங்கள் எழுதியிருக்கிறார். அவருக்கே மெயில் போட்டு அனுமதி வாங்கி, இரண்டையும் இங்கிலீஷிலிருந்து தமிழில் எழுதினார் மேடம். யாரும் கேட்கவில்லை. அவராகவே.

டைப் அடித்தது நான். கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டு பக்கம் டிடிபி கடை. என் தலையெழுத்து.

முதல் புத்தகம் முழுக்க "ராணுவப் புரட்சி" என்று அவரேதான் எழுதியிருந்தார். எல்லாம் அடித்து முடித்த பிறகு வந்து, அந்த வார்த்தை வேண்டாம், "கவிழ்ப்பு" என்று மாற்று என்றார்.

"துப்பாக்கிய காட்டி நாற்காலில குந்திக்கினா அது புரட்சியா, பாஸ்கரு?"

சரி என்று ஃபைண்ட் ரீப்ளேஸ் போட்டேன். "புரட்சியில்" என்று இருந்த இடமெல்லாம் "கவிழ்ப்புயில்" ஆகிவிட்டது. ஒவ்வொன்றாகக் கையால் திருத்தினேன். மேடம் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து, விட்டுப்போனதைக் காட்டிக்கொண்டே இருந்தார்.

அப்புறம் ஒரு தானியம். ஃபோனியோவாம். தினை என்று போட்டுவிடலாம் என்றேன். மறுநாள் ஆளைக் காணோம். முட்டி வலியோடு வெள்ளிமலை பஸ் ஏறி, கல்வராயன் மலையில் சாமை விதைக்கிறவர்களிடம் அதன் போட்டோவைக் காட்டித் தமிழ்ப் பெயர் கேட்கப் போய்விட்டார்.

அவர்களுக்கும் தெரியவில்லையாம். ஃபோனியோ என்றே இருக்கட்டும் என்றார். பத்து நாள் வேலை நின்றது... இதற்கு.

ஆனால் ஒருமுறை தப்பு என்னுடையது.

ஒரு கிராமத்தில் ராணுவம் சுட்டுக் கொன்றவர்களின் பெயர்ப் பட்டியல். அச்சுக்குப் போகிற அன்று மேடம் ஓடி வந்தார். ஒரு பெயர் குறைகிறது. டைப் அடிக்கும்போது ஒரு வரியைத் தாண்டிவிட்டிருக்கிறேன்.

பிரஸ்ஸில் பிளேட் ரெடி. எனக்குக் கோபம். அந்த ஜனங்க தமிழ்ல படிக்கப் போறாங்களா என்று கேட்டுவிட்டேன்.

மேடம் பட்டியலில் அந்த இடத்தைத் தொட்டுக் காட்டினார்.

"புக்கு எழுதின அந்தம்மா வூடு வூடா போயி கேட்டு எழுதிக்கினு வந்த பேருப்பா. நாம குந்தின எடத்துல ஒண்ண தொலைச்சிட்டோம்."

நாம என்றுதான் சொன்னார். பிரஸ்ஸுக்கு போன் போட்டு நிறுத்தினேன்.

இரண்டாவது புத்தகத்துக்கு நாலு ப்ரூஃப் பார்த்தாயிற்று. போன மாதம் அஞ்சாவது கேட்டார். எப்பத்தான் முடிப்பீங்க என்று கத்தினேன். இன்னும் ஒரே ஒரு தடவை என்று வாங்கிப் போனார்.

நூற்று அறுபதாம் பக்கம் வரை சிவப்பு மையில் திருத்தம் இருக்கிறதாம். அதற்கப்புறம் ஒன்றுமில்லை. மகன் சொன்னார்.

"அம்மாதான் இல்லயே. அப்டியே அச்சுக்கு அனுப்பிடலாமாண்ணா?"

வேண்டாம் என்றேன். வாய் சும்மா இருந்திருக்கலாம்... மிச்சத்தை இங்கிலீஷ் புத்தகத்தோடு வைத்து நானே பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டேன். என் இங்கிலீஷுக்கு எத்தனை மாதம் ஆகுமோ.

நாளை பதினோரு மணிக்கு அடக்கம். கடை மதியத்துக்கு மேல்தான்.

நீங்க நிம்மதியாத் தூங்குங்க மேடம். நான்தான் மாட்டிக்கிட்டேன்.