நேர்ந்துவிட்ட பந்து

தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு ஜனவரியில் டென்மார்க் அரசாங்கம் எங்களால் கவிழ்ந்தது. எங்களால் என்றால், நாங்கள் ஒன்றும் செய்யவில்லை. காத்துக்கொண்டு இருந்தோம், அவ்வளவுதான். அகதிகளாக வந்த தமிழ் ஆண்கள் பெண்சாதி பிள்ளைகளைக் கூப்பிடக் கொடுத்த விண்ணப்பங்களைப் பார்க்காமல் ஒதுக்கி வைக்கச் சொல்லி ஒரு மந்திரி உத்தரவு போட்டிருந்தார். சட்டப்படி அது பிழை. விசாரணை வைத்து, அறிக்கை வந்து, கடைசியில் ஆட்சியே போய்விட்டது. அந்தக் கிழமை ஒடென்சேயில் எங்கள் வீட்டுக்கும் ஒரு பத்திரிகைக்காரப் பெண் வந்தாள். "அந்தக் காத்திருப்பில் நீங்கள் எதை இழந்தீர்கள்?" என்று என் மனுசனைக் கேட்டாள்.

அவர் தேத்தண்ணிக் கோப்பையை அவள் பக்கம் தள்ளிவிட்டு, "ஒன்றும் இல்லை" என்றார்.

ஒன்றும் இல்லையாம்! எனக்கு வந்த கோபத்தில் அந்தத் தேத்தண்ணியை அவர் தலையில் ஊற்றியிருப்பேன். வீடு தேடி வந்த பிள்ளைக்கு முன்னால் மானம் போகக்கூடாது என்று பேசாமல் இருந்தேன். அவர் சொல்லாததை நான் சொல்கிறேன். நான் அவருடைய பெண்சாதி விக்ரோரியா. எனக்குச் சொல்ல உரிமை இருக்கிறது.

என் மனுசன் ஸ்ரிபன் யாழ்ப்பாணத்துப் பாசையூர்ப் பெடியன், பந்தடிக்காரன். உதைபந்தாட்டத்தில் நடுக்களத்தில் நின்று விளையாடுகிறவர். கோல் போடுகிறவனுக்குச் சனம் கைதட்டும், கோல் காக்கிறவனுக்கும் தட்டும். நடுவில் நிற்கிறவன் முன்னுக்கும் பின்னுக்கும் ஓடியே சாவான், அவனை ஒருவரும் திரும்பிப் பார்ப்பதில்லை. கல்யாணம் பேசியபோது என் ஐயா, "பந்து சோறு போடுமோ?" என்று கேட்டார். "சோறு நான் போடுவன், நீங்கள் பேசாமல் இருங்கோ" என்று சொல்லித்தான் இவரைக் கட்டினேன். எண்பத்தைந்தில் நாட்டு நிலைமையால் இவர் தப்பி வெளிக்கிட்டபோது மகள் நிலுஷா என் வயிற்றில் இருந்தாள்.

ஒடென்சேயில் மொழிப் பள்ளி முற்றத்தில் இவர் பந்து தட்டுவதைக் கண்ட யாரோ, இரண்டாம் பிரிவில் விளையாடும் ஒரு சின்னக் கழகத்துக்குக் கூட்டிப்போனார்கள். பகலில் தக்காளி வளர்க்கிற கண்ணாடிக் கூடத்தில் வேலை, பின்னேரம் பந்து. கொஞ்சக் காலத்திலேயே இவர் இல்லாமல் அணி இறங்காது என்ற நிலை வந்துவிட்டது. எண்பத்தேழு முடிவில் பயிற்சியாளர் இவரைக் கூப்பிட்டு, "வருகிற வசந்தத்திலிருந்து ஒப்பந்தம் தருகிறோம், சம்பளத்துக்கு விளையாடு" என்றார். பாசையூரில் வெறுங்காலோடு பந்தடித்தவருக்கு ஐரோப்பாவில் ஒப்பந்தம் என்றால் சும்மாவா?

அந்த நேரம் பார்த்துத்தான் விண்ணப்பங்கள் அசையாமல் நின்றன. மந்திரியின் உத்தரவு அப்போது ஒருவருக்கும் தெரியாது. யாழ்ப்பாணத்தில் சண்டை, வீடுகள் மேல் குண்டு விழுகிற செல்லடி. ஒரு ஞாயிறு வானொலியில் செய்தி கேட்டுவிட்டுக் கோயிலுக்குப் போனவர், முழங்காலில் நின்று மடு மாதாவுக்கு நேர்த்தி வைத்துவிட்டார். எங்கள் ஆட்கள் மெழுகுதிரி நேர்வார்கள், முடி நேர்வார்கள், ஆடு நேர்ந்துவிடுவார்கள். இந்த மனுசன் பந்தை நேர்ந்துவிட்டது. பெண்சாதியும் பிள்ளையும் இந்த நாட்டில் காலடி வைக்கும்வரை என் கால் பந்தில் படாது தாயே, என்று.

இதைப் பயிற்சியாளருக்கு எந்த டெனிஷில் விளங்கப்படுத்துவது? முழங்கால் நோகிறது என்றார். வைத்தியர் பார்த்து, கல்லு மாதிரி இருக்கிறது, ஒரு குறையும் இல்லை என்றார். இவர், இல்லை, நோகத்தான் நோகிறது என்று பிடிவாதமாக நின்றார். கழகம் எவ்வளவு காலம் பொறுக்கும்? ஒல்லாந்திலிருந்து யோரிஸ் என்ற இருபது வயதுப் பெடியனைக் கொண்டுவந்து இவருடைய இடத்தில் விட்டார்கள்.

வேறு யாராக இருந்தாலும் அந்தப் பக்கம் தலை வைத்தும் படுத்திருக்க மாட்டார்கள். இவர் பயிற்சி நடக்கிற நாளெல்லாம் போய் வேலிக்கு வெளியே நின்றார். பந்து வேலி தாண்டி விழுந்தால் குனிந்து, பச்சைப் பிள்ளையைத் தூக்குவது போல இரண்டு கையாலும் எடுத்து எறிவார். உதைக்கவே மாட்டார். யோரிஸ் அதைக் கவனித்திருக்கிறான். நெட்டைப் பெடியன், சின்னதாக ஒன்று சொன்னாலே காது சிவந்துவிடும். அவனை அவனுடைய ஊர்க் கழகம் வேண்டாம் என்று விட்டிருந்தது. இங்கேயும் சரிவராவிட்டால் பந்து வாழ்க்கை முடிந்தது என்ற பயத்தில் முதல் ஆட்டங்களில் பந்து வந்த உடனேயே யாரிடமாவது தள்ளிவிட்டான். ஓர் ஆட்டத்தில் மோசமாக விளையாடிவிட்டுத் தனியே இருந்தவனை இவர் தன் அறைக்குக் கூட்டிப்போய் தகரப் பேணியில் அடைத்த ரின்மீன் குழம்பும் சோறும் கொடுத்தார். உறைப்பில் மூக்கால் வழிய வழியச் சாப்பிட்டானாம். அதற்குப் பிறகு ஞாயிறு தவறாமல் வந்தான்.

நேர்த்தியை அவனிடம் மட்டும்தான் சொன்னார். அவன் சிரிக்கவில்லை. ஒல்லாந்தின் தெற்கில் அவர்களும் எங்களைப் போல மாதாவைக் கும்பிடுகிற வேதக்காரர்தான். "நான் வீடு திரும்பும்வரை என் அம்மா இனிப்புத் தொடுவதில்லை" என்று சொன்னான். பெடியன் மெல்ல மெல்ல நிமிர்ந்தான். அடுத்த ஆண்டு பத்திரிகைகளில் பெயர் வந்தது. தொண்ணூறில் ஒல்லாந்தின் முதல் பிரிவுக் கழகம் ஒன்று அவனைத் திரும்பக் கூப்பிட்டது. இன்றைக்கும் அவன் அங்கேதான் நடுக்களத்தில் நிற்கிறான். யேசு பிறந்த நத்தாருக்குத் தவறாமல் ரெலிபோன் எடுப்பான், தங்கமான பிள்ளை.

எண்பத்தொன்பதில் மந்திரியின் உத்தரவு வெளியே வர, கட்டிவைத்த விண்ணப்பங்கள் அவிழ்ந்தன. தொண்ணூறு வசந்தத்தில் நானும் நிலுஷாவும் கோப்பன்ஹேகனில் வந்து இறங்கினோம். இவர் யோரிஸையும் கூட்டிக்கொண்டு அவனுடைய காரில்தான் எங்களை ஏற்றவந்தார். ஒடென்சேக்குக் கடல் கடக்கவேண்டும், கோசோர்த் துறைமுகத்தில் கார் கப்பலுக்குள் ஏறியது. மேல்தட்டில் குளிர் காற்றில் நின்றபோது யோரிஸ் என்னைப் பார்த்து ஆங்கிலத்தில், "இனி இவர் விளையாடலாம், இல்லையா?" என்றான். கொன்வென்ற் பள்ளிக்கூடத்தில் படித்த ஆங்கிலம் எனக்குக் கைகொடுத்தது. கேட்டுக் கேட்டு முழுக் கதையையும் அவனிடமிருந்து பிடுங்கிவிட்டேன். இவர் கடலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"இஞ்சையப்பா! மந்திரி பேப்பரைக் கட்டி வைச்சதுக்கு நீங்கள் ஏன் காலைக் கட்டி வைச்சனீங்கள்? மாதா வந்து கேட்டவவோ? ஒரு ஆட்டை நேர்ந்திருந்தா அதாவது குட்டி போட்டிருக்கும்!"

"மெல்லக் கதையப்பா, சனம் பாக்குது."

"பாக்கட்டும்! வடிவாப் பாக்கட்டும்!"

யோரிஸுக்குத் தமிழ் தெரியாது. என்றாலும் காது இரண்டும் சிவந்துவிட்டது. பிறகு அவன்தான் பயிற்சியாளரிடம் உண்மையைச் சொல்லி, தான் கோடையில் ஒல்லாந்துக்குப் போனபின் நடுக்களம் வெறுமையாகுமே, ஸ்ரிபனைப் பாருங்கள் என்று மன்றாடினான். வந்து விளையாடிக் காட்டட்டும் என்றார் பயிற்சியாளர்.

மே மாதம், மழை. பயிற்சி ஆட்டம். யோரிஸ் எதிரணியில். நான் நிலுஷாவோடு குடை பிடித்துக்கொண்டு கோட்டுக்கு வெளியே நின்றேன். முதல் பந்து வந்தது. யாருக்குக் கொடுக்கவேண்டும் என்று அவருடைய தலை முதலே திரும்பிவிட்டது. அந்த மூலையில் ஒருவன் தனியாகத்தான் நின்றான். கால்தான் பிந்திவிட்டது. வேறொருவன் பறித்துக்கொண்டு போனான். அடுத்த பந்தும் அப்படியே. தெரிகிறது, எல்லாம் அவருக்குத் தெரிகிறது, உடம்பு வந்து சேரவில்லை.

ஒரு கட்டத்தில் பந்தோடு அவர் யோரிஸை நோக்கி வந்தார். யோரிஸ் வேண்டுமென்றே தடுமாறி வழிவிட்டான். எனக்கே விளங்கியது, அவருக்கு விளங்காதோ? பந்தை மிதித்து நிறுத்தினார். "ஒழுங்காக விளையாடு! இல்லையென்றால் வெளியே போ!" என்று டெனிஷில் கத்தினார். அவர் கத்தி நான் கேட்டது அதுதான் முதல் தரம். யோரிஸ் தலையாட்டினான். அடுத்த முறை ஒழுங்காக விளையாடி, அவருடைய காலிலிருந்து பந்தை எடுத்துக்கொண்டு போனான்.

முடிந்ததும் பயிற்சியாளர் அவருடைய தோளில் கை போட்டு, வயது போனவர்களின் அணி ஒன்று இருக்கிறது, விருப்பமென்றால் வா என்றார். நல்ல மனுசன், அவரைக் குறை சொல்லமாட்டேன். யோரிஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டு உடுப்பு மாற்றப் போய்விட்டான். ஸ்ரிபன் வந்து எனக்குப் பக்கத்தில் போட்டிருந்த மர வாங்கில் குந்தினார். நான் பொரிந்து தள்ளினேன்.

"இவ்வளவையும் சும்மா தூக்கிக் குடுத்திட்டு இருக்கிறீங்களே! மந்திரி பிடிபட்டதாலதான் நாங்கள் வந்தனாங்கள். உங்கட நேர்த்தியால இல்லை. அது விளங்குதோ உங்களுக்கு?"

"ஓம், விளங்குது."

"பிறகு?"

"அங்கை உங்கட தலைக்கு மேல செல் விழுது. இஞ்சை நான் பந்தடிச்சுச் சிரிச்சுக்கொண்டு நிக்கிறன். உங்களைத் தா எண்டு மாதாவிட்டைக் கேக்கப் போகேக்கை வெறுங்கையோட போகேலுமே? என்னட்டை வேற என்ன இருந்தது, விக்ரோரியா?"

அவருடைய பூட்ஸ் கயிறு சேற்றில் ஊறி இறுகியிருந்தது. விரல்கள் குளிரில் விறைத்து, அதை அவிழ்க்க முடியாமல் தடுமாறிக்கொண்டிருந்தார். குடையை நிலுஷாவின் கையில் கொடுத்துவிட்டு அந்த ஈர நிலத்திலேயே உட்கார்ந்து, அவருடைய காலைத் தூக்கி என் மடியில் வைத்துக்கொண்டேன்.