பனிமலை வளைவில் நின்ற கார்

அந்தக் கேமைக் கெடுத்தது என் கணவரின் கை அல்ல, நான்! அவரிடம் சொல்ல வேண்டியதை உங்களிடம் சொல்கிறேனே... இதிலிருந்தே என் கோழைத்தனம் உங்களுக்குப் புரிந்திருக்கும்.

திருபுவனைத் தொழிற்சாலையில் அவருடைய வலது கை இயந்திரத்தில் நசுங்கியது. கட்டுப் பிரித்த பிறகும் விரல்கள் மடங்கவில்லை. பயிற்சி கொடுக்கும் பெண், "பட்டன் அமுக்குற கேம் எதுனா ஆடுங்கண்ணா" என்றாள். பள்ளி நாட்களில் ஆடிய பழைய கன்சோல் கார் ரேஸ் ஒன்றை, லேப்டாப்பிலேயே கன்சோல் கேமை ஓட்டும் எமுலேட்டர் மென்பொருளைப் போட்டு ஆடத் தொடங்கினார். ஒவ்வொரு ரேஸாக ஜெயித்தார். விரல்களும் ஒவ்வொன்றாக மடங்கின!

"கடைசி ரேஸு ஜெயிச்சேன்னு வை, மறுநாளே பைக்க எடுப்பேன்டி. உன்ன பாகூர் ஏரிக்கர வரிக்கும் இட்னு போறேன்" என்பார்.

நான் அப்போது தையல் கற்றுக்கொண்டிருந்தேன். பிளவுஸ் கட்டிங் வீடியோக்களை இறக்கி வைக்க லேப்டாப்பில் இடமில்லை. கேமின் ஐஎஸ்ஓ கோப்பு மட்டுமே நாலு ஜிபி! சிஹெச்டி வடிவத்துக்கு மாற்றினால் பாதியாய்ச் சுருங்கும், கேம் அப்படியே ஓடும் என்று யூடியூபில் ஒருவர் சொன்னார். சுருக்கியதைச் சரிபார்த்த பிறகே பழையதை அழிக்க வேண்டும் என்றும் சொன்னார்தான்... அடுப்பில் குழம்பு பொங்கியது. கணவரைக் கேட்காமல், சரிபார்க்காமல், அழித்துவிட்டேன்.

கேம் ஓடியது. கடைசி ரேஸ் வரை ஓடியது! பனிமலைப் பாதையின் வளைவில் கார் அப்படியே உறைந்தது.

அவர் திரையைப் பார்க்கவில்லை. தன் கையைப் பார்த்தார்.

"இன்னாடி இது... விரலு எதுனா தப்பா பட்டுச்சா?"

எனக்கு அந்த நொடியே உறைத்துவிட்டது. ஆனாலும், "அப்படித்தாங்க இருக்கும், மெதுவா அமுக்குங்க" என்றேன். ஏன் சொன்னேன்? திட்டுவாரென்ற பயமா? அவர் என்னைத் திட்டியதே இல்லையே!

மறுநாளும் அதே வளைவு. அதற்கடுத்த நாளும்... அவர் இல்லாதபோது கோப்பைச் சரிபார்த்தேன், பிழை என்றது. வேறொரு பிரதியைத் தேடி இறக்கினேன். அது வேறு நாட்டுப் பதிப்பு. அவர் ஜெயித்துச் சேமித்தது எதையும் ஏற்கவில்லை. முதலிலிருந்து ஆடச் சொல்ல வேண்டும். ஏன் என்றும் சொல்ல வேண்டும்... அந்த இடத்தில்தான் பேச்சை மாற்றிவிடுகிறேன்.

இப்போது லேப்டாப் விசிறியின் சத்தம் கேட்டாலே அடுப்படிக்குப் போய்விடுகிறேன். அவர் பயிற்சிக்குப் போவதில்லை. சோறு தின்னும் ஸ்பூன் மறுபடி இடது கைக்கு மாறிவிட்டது. நன்றாக மடங்கிய விரல்கள்! நான் பார்த்திருக்கிறேன்!

இன்று காலை பைக் சாவியை என்னிடம் நீட்டினார்.

"உன் தம்பிகிட்ட குட்த்துடு. எனக்கு இனிமே எதுக்கு?"

வாங்கிக்கொண்டேன். அவர் போகவில்லை, என் முகத்தையே பார்த்தார்.

"நீ கூடவே குந்தினு பாத்தியே... கைதானடி?"

"ஆமாங்க" என்றேன்.

சாவி இன்னும் என்னிடம்தான் இருக்கிறது. தம்பி சாயங்காலம் வருவான்.