களிமண்ணில் தேடிய தாலிக்கொடி

போன வருஷம், வியட்நாமில் ஹோய் ஆன் என்ற ஆற்றங்கரை ஊருக்குப் பக்கத்தில் நடந்தது இது. இலங்கையில், பதுளை பஜாரில் ஹார்ட்வெயார் கடை வைத்திருக்கிறவர்களுக்கு வியட்நாமில் என்ன வேலை என்று கேட்பீர்கள். பெயின்ட் கம்பெனிக்காரர்கள், நன்றாக விற்றுக் கொடுத்த கடைக்காரர்களை ஜோடி ஜோடியாகக் கூட்டிக்கொண்டு போனார்கள். கடைசி நாள் மாலையில் என் வீட்டுக்காரரை மேடைக்குக் கூப்பிட்டு ஒரு கேடயம் கொடுப்பதாகவும் சொல்லியிருந்தார்கள். அதற்காக அவர் புதுச்சட்டை தைத்து, மடிப்புக் கலையாமல் பெட்டியின் மேல்தட்டில் வைத்துக் கொண்டுவந்திருந்தார். நான் கிண்டல் செய்தாலும் எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

அந்தக் கடைசி நாள் பகலில் எங்களுக்கு ஒரு வேலையும் இல்லை. மற்றவர்கள் எல்லாரும் சாமான் வாங்கப் போனார்கள். கடையிலேயே உட்கார்ந்து கிடக்கும் எனக்கு இன்னொரு கடைக்குள் நுழைய மனம் வரவில்லை. கைவினைக் கிராமங்களைச் சைக்கிளிலும் படகிலும் சுற்றிக் காட்டுவதாக ஹோட்டல் வாசலில் படம் ஒட்டியிருந்தது. அதற்குத்தான் போக வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். எனக்குச் சைக்கிள் ஓட்டத் தெரியாது என்பது அவருக்குத் தெரியுமே.

நான் பிறந்தது பதுளைப் பக்கம் கொஸ்லந்தைக்கு மேலே, ஒரு தேயிலைத் தோட்டத்து லய வீட்டில். அந்தச் சரிவில் சைக்கிள் வைத்திருந்தவர் யாருமில்லை. ஏறும்போது நாம் அதைத் தள்ள வேண்டும், இறங்கும்போது அது நம்மைத் தள்ளிவிடும், அப்படிப்பட்ட பாதை. அதனால் என்ன, மிதிக்க அவர் இருக்கிறாரே என்று பின் கேரியரில் ஏறி உட்கார்ந்துகொண்டேன். பாதை சப்பாத்திக் கல்போலச் சமமாகத்தான் இருந்தது, ஆனாலும் மனுஷனுக்கு மூச்சு வாங்கியது. எங்களுக்கு வழிகாட்டியாக வந்த வியட்நாம் பெண் முன்னால் போய்க்கொண்டே திரும்பித் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். அவள் பேசிய இங்கிலீஷ் எனக்குப் பாதி புரியும், மீதியை அவர் சொல்லித் தருவார்.

வயல்களுக்கு நடுவே போய், மரம் செதுக்கும் கிராமத்தைப் பார்த்தோம். கோரைப் பாய் நெய்கிற ஒரு வீட்டில் என்னையும் உட்கார வைத்து அச்சுப் பலகையை அடிக்கச் சொன்னார்கள். இரண்டு அடி தப்பினாலும் மூன்றாவது சரியாக விழுந்தது. எந்த வேலையானாலும் கை வைத்துப் பார்க்காமல் எனக்கு இருக்க முடியாது. நடுப்பகலுக்குக் கொஞ்சம் முன்னால் ஆற்றோரத்து மண்பாண்டக் கிராமத்துக்கு வந்து சேர்ந்தோம்.

நாங்கள் போன வீட்டில் மாமியாரும் மருமகளும் சேர்ந்து பானை செய்தார்கள். மருமகளுக்கு என் வயதுதான் இருக்கும். அவள் சக்கரத்துக்கு முன்னால் குந்தியிருந்து மண்ணை வனைய, மாமியார் ஒரு காலில் நின்றுகொண்டு மற்றக் காலால் சக்கரத்தை உதைத்து உதைத்துச் சுற்றினார். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்க்கவே இல்லை, ஆனால் கை மெதுவானால் காலும் மெதுவாகியது. எனக்கு அதைப் பார்க்கப் பார்க்க ஆசையாக இருந்தது. வந்தவர்களை அவர்கள் மண் பிசையவும் விடுவார்களாம். விடுவேனா நான்? சல்வாரின் ஷாலைக் குறுக்கே போட்டு இடுப்பில் இறுக்கி முடிந்துகொண்டு உட்கார்ந்துவிட்டேன். ரொட்டிக்கு மாப் பிசைந்து பழகிய கை, களிமண்ணுக்கா பயப்படும்? மருமகள் என் கையைப் பார்த்துவிட்டுக் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினாள்.

பிறகு பின்கட்டில் எங்களுக்குச் சோறு போட்டார்கள். நாங்கள் சாப்பிட்டு வருவதற்குள் நான் பிசைந்த மண்ணும் சின்னச் சின்னப் பானைகளாகி, காலையில் செய்தவற்றோடு முற்றத்துப் பலகைகளில் காய்ந்துகொண்டிருந்தது. எது என் மண் என்று சொல்ல முடியாதபடி எல்லாம் ஒன்றுபோலவே இருந்தன. படகு காத்திருக்கிறது, புறப்படலாம் என்று வழிகாட்டிப் பெண் சொன்னாள். விடைபெறலாம் என்று கையைக் குவித்தபோது விரல் கழுத்தில் பட்டது. கழுத்தில் தாலிக்கொடி இல்லை.

அந்தக் கொடியைப் பற்றிச் சொன்னால்தான் என் நிலைமை உங்களுக்குப் புரியும். எங்களுடையது காதல் கல்யாணம். அவருடையது பதுளை டவுனில் பல காலமாகக் கடை வைத்திருக்கிற குடும்பம், நான் கொழுந்து பறித்தவரின் மகள். என் மாமியார் கல்யாணத்துக்கு வரவில்லை. மஞ்சள் கயிற்றில்தான் தாலி ஏறியது. அதன்பிறகும் வருஷக்கணக்கில் என்னோடு முகம் கொடுத்துப் பேசாதவர், ஒரு தைப்பொங்கல் அன்று என்னைக் கூப்பிட்டு, பெட்டியிலிருந்து ஒரு தங்கக் கொடியை எடுத்து, என் தாலியை அதில் கோத்துத் தன் கையாலேயே போட்டுவிட்டார். "மகளுக்குன்னு எடுத்து வச்சது. நீயே போட்டுக்க" என்றார். அவருக்கு மகள் பிறக்கவே இல்லை. அன்றைக்குத்தான் நான் அந்த வீட்டுக்குள் வந்தேன் என்று சொல்ல வேண்டும். அதை எங்கோ பேர் தெரியாத ஊரில் தொலைத்துவிட்டு எந்த முகத்தோடு அவர் முன்னால் போய் நிற்பது?

சட்டைக்குள் தடவினேன், பையைக் கொட்டினேன், என் வீட்டுக்காரர் சைக்கிளைச் சுற்றிச் சுற்றி வந்தார். எங்கும் இல்லை. பிசையும்போது மண்ணுக்குள் விழுந்திருக்கும், அங்கேதான் இருக்கிறது என்று நான் அடித்துச் சொன்னேன். காலையில் இருந்தது நிச்சயம், நான் குனிந்து வேலை செய்தது அங்கே மட்டும்தான். வழிகாட்டிப் பெண் அதை மருமகளிடம் மெதுவாகச் சொன்னாள். தாலி என்றால் என்னவென்று அவளுக்கே தெரியாது, தங்கச் சங்கிலி என்றுதான் சொல்லியிருப்பாள்.

மருமகள் என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு பலகையிலிருந்து முதல் பானையைக் கையில் எடுத்து, இரண்டு கையாலும் அப்படியே நசுக்கினாள். அதைப் பிட்டுப் பிட்டு விரலால் தடவிப் பார்த்துவிட்டு அடுத்ததை எடுத்தாள். மாமியார் கணீரென்ற குரலில் ஏதோ சொல்லிக்கொண்டு வந்தார். எனக்குத் திட்டுவதாகத்தான் பட்டது. திட்டினாலும் நியாயம்தானே என்று நினைத்தேன். என் வீட்டுக்காரர் வழிகாட்டிப் பெண்ணிடம் கேட்டுவிட்டு என் காதோடு சொன்னார்: "காலைல செஞ்சதையும் விடாம பாருன்னு சொல்றாங்க. மண்ணு கலந்திருக்கலாமாம்."

அந்த அம்மாவும் உட்கார்ந்துவிட்டார். நான் போதும் போதும் என்று தடுத்தும் கேட்கவில்லை. காலையிலிருந்து அவர் உதைத்ததும் இவள் வனைந்ததும் எங்கள் கண் முன்னாலேயே மறுபடி வெறும் மண்ணாகிக் குவிந்தது. கொடி கிடைக்கவில்லை. மாமியார் ஒரு கோப்பைத் தேநீரை என் கையில் திணித்தார். பாலும் சீனியும் இல்லாத பச்சை நிறத் தண்ணீர் அது. தேயிலைக்குள் பிறந்து வளர்ந்த நான் அன்று அதன் ருசியைக்கூடக் கவனிக்காமல் விழுங்கினேன்.

மாலை விழாவுக்கு நேரமாகிறது என்று படகில் ஏறினோம். சைக்கிள்களையும் ஏற்றினார்கள். நான் அழுதுகொண்டே இருந்தேன். தன் அம்மாவிடம் தானே சொல்லிக்கொள்வதாக என் வீட்டுக்காரர் ஆறுதல் சொன்னார், அதைக் கேட்டு எனக்கு இன்னும் அழுகை வந்தது. ஆற்றில் வெயில் கண்ணைக் குத்தியது. தலையில் போட்டுக்கொள்ளலாம் என்று இடுப்பில் முடிந்திருந்த ஷாலை அவிழ்த்தேன். மண் காய்ந்து முடிச்சு இறுகிக் கிடந்தது. பலமாக இழுத்து உதறியதும் படகுப் பலகையில் ஏதோ டிங்கென்று விழுந்தது. பலகைகளின் இடைவெளியை நோக்கி அது வழுக்கிக்கொண்டு போவதற்குள் அவர் பாய்ந்து இரண்டு கையாலும் அமுக்கினார். கையை எடுத்தபோது என் கொடி இருந்தது, தாலியும் குண்டுகளும் ஒன்றும் குறையவில்லை.

அப்போதுதான் எனக்கு விளங்கியது. எங்கள் தோட்டத்தில் பெண்கள் குனிந்து வேலை செய்யும்போது தாலியை எடுத்து முதுகுப்பக்கம் போட்டுக்கொள்வார்கள். கொழுந்துச் செடியில் மாட்டக் கூடாது, பீலித் தண்ணீர் விழுகிற இடத்தில் துணி துவைக்கும்போது சவர்க்காரம் படக் கூடாது என்பதற்காக. செய்கிறோம் என்ற நினைப்பே இல்லாமல் கை அதைச் செய்துவிடும். மண் பிசைய உட்கார்ந்தபோது என் கையும் அதைத்தான் செய்திருக்கிறது. கொக்கி விட்டு, கொடி ஷாலுக்குள்ளேயே முதுகில் வழுக்கி இடுப்பு முடிச்சில் போய்ச் சிக்கியிருக்கிறது. முன்பக்கமெல்லாம் தேடிய நான், என் சொந்த முதுகைத் தேடவில்லை.

அவர் சிரித்தார், வழிகாட்டிப் பெண் கைதட்டினாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் குவிந்து கிடந்த மண்தான் கண்ணுக்குள் நின்றது. படகைத் திருப்பச் சொல்லுங்கள் என்றேன். நாளைக்கு இன்னொரு கூட்டத்தோடு போவேன், அப்போது சொல்லிவிடுகிறேன் என்றாள் அந்தப் பெண். ஹோய் ஆன் கண்ணுக்கெட்டும் தூரத்தில் தெரிந்தது, திரும்பினால் விழாவுக்குப் போய்ச் சேர முடியாது. நான் என் வீட்டுக்காரரைப் பார்த்துச் சொன்னேன்: "நாளைக்கு வரைக்கும் அந்த வீட்ல தேடிக்கிட்டே இருப்பாங்கங்க."

அவர் ஒரு தரம் ஊர்ப்பக்கம் திரும்பிப் பார்த்தார். புதுச்சட்டையை நினைத்திருப்பார், நான் தப்பாக நினைக்கவில்லை. பிறகு படகுக்காரரிடம் கையால் வளைத்துக் காட்டினார், திருப்புங்கள் என்று.

நாங்கள் போய் இறங்கியபோது மருமகள் முற்றத்தில் இல்லை. நான் கை கழுவிய குழாய்க்குக் கீழே, வாய்க்காலுக்குள் குந்தியிருந்து, சேற்றை அள்ளி அள்ளிச் சல்லடையில் போட்டு அலசிக்கொண்டிருந்தாள். முழங்கைவரை சேறு. நான் கொடியைத் தூக்கிக் காட்டினேன். ஷால் முடிச்சையும் முதுகையும் தொட்டுக் காட்டி நடந்ததை விளக்கினேன். மாமியார் தொடையில் தட்டித் தட்டிச் சிரித்தார். மருமகள் அப்படியே வாய்க்கால் ஓரத்தில் உட்கார்ந்து பெருமூச்சு விட்டாள்.

பானைக்குள் கொடி இருந்திருந்தால் வனையும்போதே விரலில் பட்டிருக்காதா என்று என் வீட்டுக்காரர் கேட்டார், கடைக்காரர் புத்தி. பட்டிருக்கும், அதில் இல்லை என்று தனக்கு அப்போதே தெரியும் என்றாள் அவள். பிறகு ஏன் எல்லாவற்றையும் உடைத்தாய் என்று நானே கேட்கச் சொன்னேன். அவள் சல்லடையைக் கழுவிக்கொண்டே பதில் சொன்னாள். வழிகாட்டிப் பெண் கேட்டுச் சொல்ல, அவர் எனக்குத் தமிழில் சொன்னார்: "இல்லன்னு வாயால சொன்னா நீ நம்பியிருக்க மாட்டியாம். ஊருக்குப் போயும் அந்த மண்ணுக்குள்ளதான் கெடக்குதுன்னு நெனச்சு நெனச்சு அழுவியாம்."

அவளைக் கட்டிப் பிடித்துக்கொண்டேன், இரண்டு பேர் மேலும் சேறு. அவர் பர்ஸை எடுத்தபோது மாமியார் அவர் கையைத் தட்டிவிட்டார். சரி, காசு வேண்டாமென்றால் கை இருக்கிறது என்று நான் கொடியை என் வீட்டுக்காரரிடம் கொடுத்து, சட்டைப் பைக்குள் வைத்துப் பொத்தான் போடச் சொல்லிவிட்டு, மண் குவியலுக்கு முன்னால் உட்கார்ந்தேன். தண்ணீர் தெளித்துத் தெளித்து அவ்வளவையும் மறுபடி பிசைந்து உருட்டிக் கொடுத்தேன். பிறகு நான் உதைக்கிறேன் என்று சக்கரத்தைக் காட்டினேன். மாமியார் சந்தேகமாகத்தான் காலை எடுத்தார். முதல் கொஞ்ச நேரம் நான் உதைத்த உதையில் இரண்டு பானைகள் கோணிப்போனது உண்மை. அதன்பிறகு மருமகள் கையின் வேகம் என் காலுக்குப் பிடிபட்டுவிட்டது. மலை ஏறி இறங்கிய கால் அல்லவா. வெளிச்சம் குறைகிறவரைக்கும் நான் உதைத்தேன், அவள் வனைந்தாள், மாமியார் நாற்காலியில் சாய்ந்து தேநீர் குடித்துக்கொண்டு எங்களை மேற்பார்வை பார்த்தார். என் வீட்டுக்காரர் பானைகளைத் தூக்கிப் பலகையில் அடுக்கினார். எல்லாவற்றையும் திரும்பச் செய்ய முடியவில்லை, ஆனால் பலகைகள் முக்கால்வாசி நிறைந்துவிட்டன.

விழா எங்களுக்காகக் காத்திருக்கவில்லை. கேடயத்தை மறுநாள் விமான நிலையத்தில் ஒரு பிளாஸ்டிக் பைக்குள் போட்டுக் கொடுத்தார்கள். புதுச்சட்டை மடித்தபடியே பதுளைக்குத் திரும்பி வந்தது. வீட்டுக்கு வந்ததும் பையைக்கூட வைக்காமல் நடந்ததையெல்லாம் என் மாமியாரிடம் நானே ஒப்பித்தேன். அவர் கொக்கியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, நாளைக்கே பத்தரிடம் கொடுத்து மாற்ற வேண்டும் என்றார். அதற்குப் பிறகு, "நாலு பேரா சேந்து செஞ்சீங்க, சரி. ஒடஞ்சது பூரா திரும்ப வந்துச்சா?" என்று கேட்டார். முக்கால்வாசி என்றேன். மீதியையும் முடித்துவிட்டு வந்திருக்கலாமே என்று அவர் சொன்னபோது எனக்கு அவர்மேல் வந்த பாசத்தைச் சொல்லி முடியாது.

எங்கள் கடையில் ஆணி, திருகாணி எல்லாம் பெரிய பெரிய தொட்டிகளில் கொட்டிக் கிடக்கும். அள்ளும்போது மோதிரம் விழுந்துவிட்டது, சாவி விழுந்துவிட்டது என்று யாராவது பதறிக்கொண்டு வருவார்கள். முன்பெல்லாம் இங்கே இருக்காது, வீட்டில் நன்றாகப் பாருங்கள் என்று அனுப்பிவிடுவேன், அநேகமாக அது சரியாகவும் இருக்கும். இப்போது தொட்டியைத் தரையில் கவிழ்த்துவிட்டு அவர்களோடு நானும் கீழே உட்கார்ந்து தேடுகிறேன். அங்கே இல்லை என்று எனக்கு நிச்சயமாகத் தெரிந்தாலும், அவர்கள் மனம் ஆறி எழுந்திருக்கிறவரைக்கும் நான் எழுந்திருப்பதில்லை.