வாய்க்கால் கரைக்கு வந்த நோட்டீஸ்

கிராம நிர்வாக அலுவலர் என்றால் சான்றிதழ் கொடுக்கிறவர் என்றுதான் ஊர் நினைக்கும். அரசு நிலத்தில் குடியிருப்பவரின் கதவைத் தட்டி, 'காலி செய்' என்கிற தாளை நீட்டுகிறவரும் அவரேதான். கெட்ட சேதியைக் கையில் கொடுத்துவிட்டு, எதிரே நிற்பவர் முகத்தைப் பார்க்க முடியாமல் செருப்பைத் தேடியவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

சுவரும் பசையும்

பூதப்பாண்டிப் பக்கம் நான் கிராம நிர்வாக அலுவலராக இருந்த ஒரு ஊர். வாய்க்கால் கரையில் பதினொரு வீடுகள். எல்லாமே முப்பது வருடம் தாண்டியவை. நீர்நிலைப் புறம்போக்கு என்று அத்தனை பேருக்கும் நோட்டீஸ் வந்தது. செங்கல் சூளையில் வேலை பார்க்கும் ராஜம் அக்கா, நான் இரண்டு நாள் போயும் வாங்க மறுத்துவிட்டார். வாங்காவிட்டால் சாட்சி வைத்து வீட்டில் ஒட்டிவிடலாம் என்பது விதி.

மூன்றாம் நாள் பசை டப்பாவோடு போனேன். டப்பாவைப் பார்த்ததும் ஓடிவந்து தாளைப் பிடுங்கிக்கொண்டார். கையெழுத்தையும் போட்டார்.

"சுவத்துல மட்டும் ஒட்டாதீங்க சாரே. ஞாயித்துக்கிழமை எனக்க மகளைப் பெண்ணு பாக்க வாறாவ."

தண்டச் சீட்டு

அடுத்த வீடு தங்கராஜ் அண்ணனுடையது. கொத்தனார்; தன் வீட்டைத் தானே கட்டியவர். பதில் எழுதலாம், அளந்து பார்க்கச் சொல்லலாம், விசாரணையில் பேசலாம், உத்தரவு வந்த பிறகும் மேல்முறையீடு உண்டு என்று அவரிடம் விளக்கினேன். "இத்தனை வருசம் இருந்ததுக்கு ஏதாவது சான்று இருக்கா?" என்று கேட்டேன்.

தயங்கித் தயங்கி, அரிசிப் பானைக்குப் பின்னாலிருந்து ஒரு பிளாஸ்டிக் கவரை எடுத்தார். உள்ளே கட்டுக் கட்டாக பி மெமோ. ஆக்கிரமிப்புக்கு அரசு வருடா வருடம் போட்ட அபராதச் சீட்டுகள். பிள்ளைகள் கண்ணில் படக்கூடாது என்று ஒளித்து வைத்திருந்தாராம். "முதலில் இதை நகல் எடுங்க அண்ணாச்சி, இதுதான் உங்க பலம்" என்றேன். அவர் கட்டை ஒருமுறை புரட்டிப் பார்த்தார்.

"அப்போ நாங்க செஞ்ச தப்புக்குள்ள சீட்டுதான் எங்களுக்குச் சாட்சியாக்கும்?"

ஞாயிற்றுக்கிழமை வந்தவர்கள்

எல்லோரும் பதில் மனு கொடுத்தார்கள். தாலுகா அலுவலகத்தில் விசாரணை நடந்து, அளக்க உத்தரவானது. சர்வேயர் வந்து சங்கிலி பிடித்ததில், எட்டு வீடுகள் வாய்க்காலுக்கு வெளியே, குடியிருப்புக்கான நத்தம் நிலத்தில் இருப்பது தெரிந்தது. அதில் ஒன்றான ராஜம் அக்கா வீட்டில், வாய்க்காலுக்குள் நீண்டிருந்த அடுக்களை மட்டும் போகும். மீதிக்குப் பட்டா கேட்கலாம். நான் அதைச் சொன்னபோது அழுவார் என்று நினைத்தேன். சிரித்தார். பெண் பார்க்க வந்த அன்றைக்கு, மாப்பிள்ளையின் அம்மா சும்மா தண்ணீர் குடிக்க அடுக்களைக்குப் போனவர், உறிக்கு மேலே மடித்துச் செருகியிருந்த நோட்டீசைப் பிரித்துப் பார்த்துவிட்டாராம். இவருக்கு உயிரே போய்விட்டது. அந்த அம்மா தாளை மெதுவாக மடித்து, இருந்த இடத்திலேயே வைத்துவிட்டுச் சொன்னாராம்:

"எங்க வீடும் புறம்போக்குதான். படிச்ச பெண்ணு வந்தா நோட்டீசு வாசிக்க ஒரு ஆளாச்சு."

படம்

மூன்று வீடுகள் வாய்க்காலுக்குள்ளேயே இருந்தன. அதில் ஒன்று தங்கராஜ் அண்ணனுடையது. நீர்நிலையில் பட்டா கிடையாது. அதற்கு நானோ தாசில்தாரோ ஒன்றும் செய்ய முடியாது. ஆனால் அந்தச் சீட்டுக் கட்டைக் காட்டிக் கேட்டதில், மாற்று இடமும், அது கைக்கு வரும்வரை அவகாசமும் கிடைத்தன. ஊருக்கு மேற்கே மூன்று சென்ட்.

இடிக்க இயந்திரம் வேண்டாம், வீட்டை நானே பிரித்துக்கொள்கிறேன் என்றார் தங்கராஜ் அண்ணன். பிரிக்கும் முன் கோப்புக்காக ஒரு படம் எடுக்க வேண்டும். செல்போனைத் தூக்கியதும், "ஒரு நிமிசம்" என்று உள்ளே போனார். சலவைச் சட்டை போட்டுக்கொண்டு, மனைவியையும் அழைத்துவந்து வாசலில் நின்றார். அந்த அம்மா அவசரமாக நெற்றியில் பொட்டு வைத்திருந்தார். நான் இருவரையும் நடுவில் வைக்கப் பார்த்தேன். அவர் கையசைத்துத் தடுத்தார்.

"நாங்க ஓரத்துல நின்னா போதும் சாரே, வீடு முழுசும் விழணும்."

நிலம் என்ன வகை, எத்தனை சென்ட் என்று எழுத எங்களிடம் பதிவேடு பதிவேடாக இருக்கிறது, அந்த நிலத்தில் எப்படி வாழ்ந்தார்கள் என்று எழுத ஒரு கட்டம்கூட இல்லாததால்தான் இந்த வேலை பார்ப்பவர்களுக்கு இவ்வளவு சீக்கிரம் ரத்த அழுத்தம் வந்துவிடுகிறது.