கூப்பே என்றார், கூப்பிட்டேன்

என் மேசை இழுப்பறையில் ஒரு பழைய சினிமா கேமரா இருக்கிறது. பக்கவாட்டில் சாவி. முழுக்க முறுக்கிவிட்டால் இருபது எண்ணும்வரை கிறுகிறுவென்று ஓடும், அப்புறம் ஓய்ந்துவிடும். என் மூத்தார், அதாவது கணவரின் அண்ணன், அந்த இருபது எண்ணிக்கைக்குள்தான் தன் உலகத்தையே அடைத்தவர்.

பிழைப்புக்குக் கல்யாணமும் கோயில் தேரும் படம்பிடித்தார். எந்த ஸ்டுடியோ வாசலிலும் போய் நின்றதில்லை. மிச்சம்பிடித்த பிலிமில் தனக்கென்று ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தார்: கடலுக்குப் போனவனுக்காகக் காத்திருக்கும் ஒருத்தியின் கதை. பிரெஞ்சுக்காரன் எங்கள் ஊரை விட்டுப் போன பிறகு பிலிம் கிடைப்பது குதிரைக்கொம்பு. ஓர் அங்குலம் வீணாக்க மாட்டார். மேகம் விலக அரைநாள் மணலில் உட்கார்ந்திருப்பார். "வெளிச்சத்துக்கு என்னா அவசரம்? நமக்குத்தான்" என்பார். இரண்டு பேரை வெள்ளை வேட்டியை விரித்துப் பிடிக்கச் சொல்லி, வெயிலையே முகத்துக்குத் திருப்பிவிடுவார். அப்படியொரு கண் அவருக்கு!

கடைசிக் காட்சியன்று நடிக்க வேண்டிய பெண் வரவில்லை. "நீ வந்து நில்லும்மா, கடலப் பாத்தா போதும்" என்றார். என் கணவர் அப்போது பிரெஞ்சுப் பட்டாளத்தில் சிப்பாய், சொல்தா என்பார்கள். அல்ஜீரியாவில் சண்டை. நாலு மாதமாகக் கடிதம் இல்லை. வீட்டில் யாரும் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை, நானும்தான். நோணாங்குப்பத்துக் கழிமுகத்தில் போய் நின்றேன்.

கேமரா ஓடியது. தூரத்தில் ஒரு படகு தெரிந்தது. வேண்டிய மட்டும் எடுத்ததும், "கூப்பே!" என்று கத்தினார். பிரெஞ்சில் அதற்கு 'நிறுத்து' என்று அர்த்தமாம். நான் கடலூர்ப் பக்கத்துப் பெண், எனக்கு பிரெஞ்சு ஏது? என் காதில் விழுந்தது 'கூப்புடு'தான். கூப்பிட்டேன். புருஷன் பெயரை வாயால் சொல்லாத குடும்பம் எங்களுடையது, அதுவும் மூத்தார் முன்னால்! நாலு மாதம் தொண்டையில் கிடந்ததெல்லாம் அந்தப் பெயரோடு வெளியே வந்தது. நிறுத்தச் சொன்னவர் நிறுத்தவில்லை. சாவி முறுக்கு ஓயும்வரை பொத்தானிலிருந்து விரலை எடுக்கவேயில்லை.

நான் வெட்கத்தில் குன்றிப்போனேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "மணலு வுழுந்துடுச்சி" என்றார். வேறொன்றும் கேட்கவில்லை. எவ்வளவு பெரிய மனுஷன்!

கழுவுவதற்கு பிரான்சுக்குப் போன படம் கப்பலில் திரும்புவதற்குள், ஆண்டவன் புண்ணியத்தில், கணவரே வந்துவிட்டார், ஒரு காலைச் சாய்த்து நடந்துகொண்டு. ஜன்னல்களைச் சாத்திவிட்டுக் கூடத்துச் சுவரில் படத்தை ஓட்டினார் மூத்தார். சத்தமில்லாத படம். என் உதடு அசைவதைப் பார்த்த கணவர், "யாரடி இப்படிக் கூப்புடுற?" என்றார். நான் தலை குனிந்தேன். மூத்தார்தான் சொன்னார்: "ஒன்னத்தான்டா. நல்லா பாரு."

இப்போது இருவருமே இல்லை. அந்தப் பெயரை அதற்குப் பிறகு யார் முன்னாலும் நான் சொன்னதில்லை, இங்கேயும் எழுதவில்லை. சில சாயங்காலங்களில் கேமராவை எடுத்துச் சாவியை முழுக்க முறுக்கிவிடுகிறேன். அது ஓய்வதற்குள் ஒருமுறை கூப்பிட்டுக்கொள்கிறேன்.