குமுதாவும் ஆர்க்கியன்னெலிடாவும்

ஆர்க்கியன்னெலிடா என்று டைப் செய்யும்போதெல்லாம் எனக்கு எரிச்சல் வரும். எங்கள் லேப் ரிப்போர்ட்டில் புழுக்களின் பெயர்கள் வரும் இடத்தில் அதுவும் ஒரு வரி. கம்ப்யூட்டர் ஒவ்வொரு தடவையும் அதன் கீழே சிவப்புக் கோடு போட்டு என் மானத்தை வாங்கும். அதற்கு என்ன அர்த்தம் என்று நானும் கேட்டதில்லை, யாரும் சொன்னதுமில்லை.

எங்கள் லேப் கிள்ளான் ரயில் ஸ்டேஷனுக்குப் பக்கத்தில், டயர் கடைக்கு மேல் மாடியில் இருக்கிறது. கடலடியைத் தோண்டி ஆழப்படுத்தப் போகிறவர்கள், அதற்கு முன்னால் அங்கே என்னென்ன உயிர் வாழ்கிறது என்று தெரிந்துகொள்ள எங்களிடம் வருவார்கள். போர்ட் கிள்ளான் பக்கத்து மணல் திட்டுகளிலிருந்து மணல் வாளி வாளியாக வந்து இறங்கும். குமுதா அதிலிருந்து புழுக்களைப் பிரித்தெடுப்பாள், டாக்டர் ஜீவன் அவற்றுக்குப் பெயர் சொல்வார், வாணியாகிய நான் டைப் செய்வேன்.

குமுதாவைப் பற்றிச் சொல்லத்தான் வந்தேன். ஜெஞ்சாரோம் பக்கம் செம்பனைத் தோட்டத்தில் பிறந்தவள். ஐந்தாம் பாரத்தோடு பள்ளிப் படிப்பை முடித்துவிட்டு, கையுறை பேக்டரியில் சில வருஷம் வேலை செய்துவிட்டு எங்களிடம் வந்து சேர்ந்தாள். முதல் நாள் மைக்ராஸ்கோப்பில் புழுவைப் பார்த்து அவள் போட்ட கூச்சலில் கீழே டயர் கடைப் பையன்கள் ஸ்பேனரோடு மேலே ஓடி வந்துவிட்டார்கள். வந்தவர்களைப் பார்த்து அவள் சிரித்த சிரிப்பு இருக்கிறதே, கூச்சலைவிடப் பெரியது. அப்புறம் புழுக்களோடு பேச ஆரம்பித்தாள். "ஏய், எங்கடா ஓடுற, நில்லுலா" என்று அதட்டுவாள். அவள் புருஷன் சுகுமாறன் துறைமுகத்தில் கண்டெய்னர் லோரி ஓட்டினான். எங்கள் ரோட்டில் போகும்போது இரண்டு தடவை ஹாரன் அடிப்பான். இவள் கையில் இருக்கிற வேலையைப் போட்டுவிட்டு ஜன்னலுக்கு ஓடுவாள். டாக்டர் முறைத்தால், "ஒரு செகண்ட் டாக்டர், புழு எங்கயும் போகாது" என்பாள். எனக்கே சில நாள் தலைவலியாக இருக்கும். இவள் வாயை மூட ஏதாவது மருந்து கிடையாதா என்று கேட்டிருக்கிறேன்.

போன வருஷம் மழையில் பந்திங் ரோட்டில் அந்த லோரி கவிழ்ந்தது. சுகுமாறன் ஆஸ்பத்திரி வரைக்கும் போய்ச் சேரவில்லை.

சாவு வீட்டில் குமுதா அழவில்லை. வந்தவர்களுக்குக் காப்பி ஊற்றிக் கொடுத்தாள். எனக்கும் ஒரு கிளாஸ் கொடுத்து, "சீனி போதுமாக்கா?" என்று கேட்டாள். சுகுமாறனின் அக்கா சீதாலெட்சுமி, கோலாலம்பூரில் பிரிக்ஃபீல்ட்ஸில் இருப்பவர், கூடத்தில் உட்கார்ந்து எல்லோர் காதிலும் விழும்படி சொன்னார்.

"கல்லு. அவ எப்பவுமே அப்படித்தான்."

எப்பவுமேயா? எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. இந்த அம்மா வருஷத்துக்கு ஒரு தடவை தீபாவளிக்கு வந்து முறுக்கு தின்றுவிட்டுப் போகிறவர். எப்பவுமே என்கிற வார்த்தையைச் சொல்ல இவருக்கு என்ன யோக்கியதை? சாவு வீடாயிற்றே என்று வாயை மூடிக்கொண்டேன். ஆனால் பக்கத்தில் குமுதாவின் மகள் விஷ்ணுப்ரியா உட்கார்ந்திருந்தாள். பதினாறு வயது. அத்தை சொன்னது அவள் காதில் விழுந்ததையும், அவள் திரும்பி அம்மாவைப் பார்த்ததையும் நான் பார்த்தேன்.

அதற்குப் பிறகு ப்ரியா லீவுக்கு என்று பிரிக்ஃபீல்ட்ஸ் போனாள். அப்புறம் டியூஷனுக்கு என்று சனி ஞாயிறு போனாள். அப்புறம் அவள் துணிமணி கொஞ்சம் கொஞ்சமாகப் போனது. கடைசியில் சீதாலெட்சுமியே போன் பண்ணி, பிள்ளை இனிமேல் தன்னோடு இருக்கட்டும், ஸ்கூலையும் அங்கேயே மாற்றிவிடலாம் என்று சொல்லிவிட்டார்.

"நீ என்ன சொன்ன?" என்று குமுதாவைக் கேட்டேன்.

"சரின்னேன்."

"சரின்னா? ஒரே பிள்ளை குமுதா!"

"அவளுக்கு அங்க நல்லா இருக்கும்னா இருக்கட்டும்கா."

எங்கள் மத்தியானச் சாப்பாட்டு நேரம் அது. அவள் கொண்டு வந்த குழம்பை எனக்கும் ஊற்றினாள். வாயில் வைத்தேன், உப்பே இல்லை. சொன்னேன். அவளும் ஒரு வாய் எடுத்துப் பார்த்து, "அப்படியா?" என்றாள். பிறகு அதையே முழுவதும் சாப்பிட்டு முடித்தாள். கீழே ரோட்டில் லோரிகள் ஹாரன் அடித்துக்கொண்டே போயின. அவள் தலை நிமிரவே இல்லை.

வேலையில் மட்டும் ஒரு குறையும் சொல்ல முடியாது. முன்னைவிடச் சுத்தம். அவள் சத்தம் போட்ட காலத்தில் மருந்து கேட்டவள் நான். இப்போது அந்த அமைதியில் உட்கார்ந்து டைப் அடிக்க எனக்குப் பயமாக இருந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் ப்ரியா லேபுக்கு வந்தாள். ஸ்கூல் பையோடு வாசலிலேயே நின்றாள்.

"அம்மா, வீட்டுச் சாவி வேணும். மிச்ச துணிய எடுக்கணும். என் சாவி தொலைஞ்சு போச்சு."

குமுதா எழுந்து போய்த் தன் கைப்பையிலிருந்து சாவியை எடுத்து மேசையில் வைத்தாள். "உக்காரு, வெயில்ல வந்திருப்ப" என்றாள். அவ்வளவுதான். மறுபடி வேலையில் குனிந்துவிட்டாள். எனக்கு அவளைப் பிடித்து உலுக்க வேண்டும் போல் இருந்தது. ப்ரியா சாவியை எடுக்கவில்லை. ஸ்டூலில் உட்கார்ந்து தண்ணீர் பாட்டிலைத் திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

அந்த நேரம் பார்த்து டாக்டர் ஜீவன் என் மேசைக்கு வந்தார். நல்ல மனுஷன். எந்த நேரத்தில் எதைப் பேசுவது என்பது மட்டும் தெரியாது.

"வாணி, இந்த ஆர்க்கியன்னெலிடா லைன எடுத்துடுங்க. பழைய ஃபார்மட்லேர்ந்து அப்படியே வந்துட்டு இருக்கு. அப்படி ஒரு குரூப்பே இல்ல இப்ப."

"இத்தனை வருஷமா டைப் அடிச்சேனே டாக்டர், புழு எல்லாம் எங்க போச்சு?"

"புழு அங்கதான் இருக்கு. நாம வச்ச பேருதான் தப்பு."

கேட்காமலே விளக்கவும் ஆரம்பித்துவிட்டார். மண்புழு போல உடம்பு வளையம் வளையமாக இருக்கிற புழுக்களுக்குக் கடலில் நிறையச் சொந்தக்காரர்கள். பெரும்பாலானவற்றுக்குப் பக்கவாட்டில் துடுப்பு போன்ற கால்கள், முள் போன்ற மயிர் என்று என்னென்னவோ உண்டு. சிலதுக்கு மட்டும் ஒன்றும் இருக்காது. நூல் துண்டு மாதிரி, வெறும் உடம்பு. அதைப் பார்த்த பழைய விஞ்ஞானிகள், இவை ஆதியில் தோன்றியவை, அதனால்தான் இவ்வளவு எளிமை, மற்ற எல்லாம் இவற்றிலிருந்துதான் வளர்ந்தன என்று முடிவு கட்டிவிட்டார்கள். ஆர்க்கி என்றால் ஆதி. ஆதி வளையப்புழு என்று பெயர் வைத்து ஒரே கூட்டமாகச் சேர்த்துவிட்டார்கள். பாடப் புத்தகத்திலும் ரொம்ப காலம் அப்படியே இருந்தது.

"அப்புறம் நல்லா பாத்தா, எல்லாம் வேற வேற குடும்பம்" என்றார் டாக்டர். "நிறைய புழுக்களோட மூதாதைக்குக் கால், மயிர் எல்லாம் இருந்திருக்கு. மணலுக்கும் மணலுக்கும் நடுவுல இருக்கிற சந்துல வாழப் போயி, உடம்பு சின்னதாகி, ஒவ்வொண்ணா இழந்திருக்கு. இப்ப அந்தப் பேர யாராவது எழுதினாலும், பழைய வார்த்தைன்னு காட்ட மேற்கோள் குறிக்குள்ள போட்டுத்தான் எழுதுவாங்க."

"அப்ப அது எப்பவுமே அப்படி இல்லையா அங்கிள்?" என்று ப்ரியா கேட்டாள்.

"இல்லம்மா. பாத்தவங்க அப்படி நினைச்சுட்டாங்க."

நான் விட்டிருக்கலாம். என் வாய் சும்மா இருக்காது. "உங்கம்மா போட்ட கூச்சல்ல ஒரு நாள் கீழ் கடைக்காரன் எல்லாம் மேல ஓடி வந்தான், தெரியுமா உனக்கு?" என்றேன். "உங்கப்பா ஹாரன் அடிச்சா ஜன்னல உடைச்சுகிட்டுப் போற மாதிரி ஓடுவா. எப்பவுமே அப்படித்தான்னு எவ சொன்னா?"

ப்ரியா எழுந்து அம்மாவின் பக்கத்தில் போய் நின்றாள். குமுதா ஒரு பாத்திரத்தில் மணலைப் போட்டு, மேலே ஏதோ ஒரு தண்ணீரை ஊற்றி மெல்லச் சுழற்றிக்கொண்டிருந்தாள்.

"இது என்ன தண்ணிம்மா?"

"மக்னீசியம் உப்புத் தண்ணி. இத ஊத்தினா புழு மரத்துப் போயிடும்."

"ஏன் மரத்துப் போகணும்?"

"இல்லன்னா மணல விடாது. இறுக்கிப் புடிச்சுக்கும். அப்படியே ஃபார்மலின்ல போட்டா சுருண்டு, துண்டு துண்டா போயிடும். எந்தப் புழுன்னு டாக்டருக்கே தெரியாது." சுழற்றிய தண்ணீரைச் சல்லடையில் ஊற்றினாள். மணல் பாத்திரத்தின் அடியிலேயே தங்கிவிட்டது.

"மரத்துப் போனது அப்படியேதான் இருக்குமா?"

"நல்ல கடல் தண்ணில திரும்பப் போட்டா வரும்."

"போடும்மா. பாக்கலாம்."

குமுதா கொஞ்சம் யோசித்தாள். பிறகு சல்லடையிலிருந்து ஒரு புழுவை மட்டும் எடுத்துக் கடல் தண்ணீர் இருந்த சின்னத் தட்டில் விட்டு, மைக்ராஸ்கோப்பை மகளின் பக்கம் நகர்த்தினாள். ப்ரியா குனிந்து பார்த்தாள். கே.எல். போகிற ரயில் வந்து நின்று, கிளம்பிப் போகிற சத்தம் கேட்டது. அவள் நிமிரவில்லை.

"ஆடலையேம்மா. செத்துப் போச்சா?"

"இல்ல. இப்பத்தானே போட்டோம். நேரமாகும்."

"திரும்ப வரும்போது வலிக்குமா அதுக்கு?"

குமுதாவின் கை நின்றது. "தெரியலடி" என்றாள். சல்லடையைக் கீழே வைத்தாள். பிறகு, டாக்டரிடம் கணக்குச் சொல்கிற அதே குரலில், ஏற்ற இறக்கம் இல்லாமல் பேசினாள்.

"எனக்கு உங்கப்பா போனதே இன்னும் வந்து சேரல ப்ரியா. அழணும்னு தெரியுது. வரமாட்டேங்குது. சாப்பிட்டா ருசி தெரியல. நீ போறேன்னப்பவும் ஒண்ணும் தெரியல, அதான் சரின்னேன். ஆனா ஒரு நாளைக்கு எல்லாம் சேந்து வரும். அன்னிக்கு நீ பிரிக்ஃபீல்ட்ஸ்ல இருந்தா நான் என்ன பண்ணுவேன்? எனக்குப் பயமா இருக்கு. போகாதடி."

ப்ரியா அழுதாள். அப்பா செத்ததற்கு அழுததைவிட அதிகமாக அழுதாள் என்றே சொல்வேன். அப்போதும் குமுதாவுக்கு அழுகை வரவில்லை. கையுறையைக் கழற்றிவிட்டு மகளின் முதுகைத் தடவிக் கொடுத்தாள். நான் கம்ப்யூட்டரைப் பார்த்துக்கொண்டு இல்லாத எழுத்துப் பிழைகளைத் திருத்தினேன்.

டாக்டருக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. மைக்ராஸ்கோப்பில் போய்க் குனிந்துகொண்டார். கொஞ்ச நேரம் கழித்து, "குமுதா, ஆடுது" என்றார். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

ப்ரியாவின் போன் அடித்தது. அத்தைதான். மூக்கை உறிஞ்சிக்கொண்டே எடுத்தாள். "நான் வரல அத்தை... இல்ல, நாளைக்கும் வரல. அம்மா போகாதன்னு சொல்லிட்டாங்க." ஏதோ பரிசு வாங்கிய மாதிரிதான் அதைச் சொன்னாள்.

இரண்டு பேரும் கிளம்பிப் போன பிறகு பார்த்தால், குமுதாவின் சாவி மேசையிலேயே கிடந்தது. எடுத்துக்கொண்டு படியில் ஓடினேன். இந்த வயதில் என்னை ஓட வைக்கிறார்களே என்று திட்டிக்கொண்டேதான் ஓடினேன். டயர் கடை வாசலில் பிடித்துவிட்டேன்.

"சாவிய விட்டுட்டுப் போனா கதவ எப்படித் திறப்பீங்க?"

ப்ரியா அம்மாவைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், பிறகு தலையைக் குனிந்துகொண்டாள். ஸ்கூல் பையின் முன் ஜிப்பை மெல்லத் திறந்து காட்டினாள்.

"என் சாவி தொலையல ஆன்டி. என்கிட்டதான் இருக்கு."